டைட்ஸ் வாங்குவது எப்படி: குளிர்நாட்டுக்குப் புதிதாக வந்த பெண்களுக்கு அளவெடுப்பதிலிருந்து துவைப்பது வரை

இடுப்பிலிருந்து பாதம் வரை காலை ஒட்டி மூடுகிற நீண்ட காலுறைதான் டைட்ஸ். அதை வாங்கப் புதிதாக வருகிறவர்கள் கிட்டத்தட்ட எல்லோரும் ஒரே வரிசையில்தான் தேர்ந்தெடுக்கிறார்கள். முதலில் நிறம், அப்புறம் விலை, அப்புறம் தடிமன். அட்டையைத் திருப்பிப் பார்க்க நினைவு வந்தால் கடைசியில் அளவு. இந்த வரிசையைத் தலைகீழாக மாற்றினாலே பாதித் தொல்லை தீர்ந்துவிடும். லண்டனில் ஒரு கடையின் காலுறைப் பிரிவில் நின்று விற்றவள் என்ற முறையில் சொல்கிறேன், "உங்க டைட்ஸ் ஒரே நாளில் கிழிஞ்சு போச்சு" என்று திரும்பி வருகிறவர்களில் பெரும்பாலானோருக்கு நூலில் குறை இருக்காது, அளவில்தான் இருக்கும்.

படிப்புக்கோ வேலைக்கோ பிரிட்டன் வந்து, பாவாடையும் ஃப்ராக்கும் குளிரில் எப்படிப் போடுவது என்று விழிக்கிற நம் பெண்களை மனதில் வைத்து எழுதுகிறேன். கனடாவிலும் ஐரோப்பாவிலும் இருப்பவர்களுக்கும் பெரும்பகுதி பொருந்தும், அளவுக் குறியீடுகள் மட்டும் மாறும்.

1. கடைக்குப் போகும் முன்

டேப் ஒன்று எடுத்து இடுப்பின் அகலமான இடத்தை அளந்துகொள்ளுங்கள். உயரத்தையும் எடையையும் இரண்டு முறையிலும் எழுதி வையுங்கள். பிரிட்டனில் சில அட்டைகளில் சென்டிமீட்டரும் கிலோவும் இருக்கும், சிலவற்றில் அடியும் ஸ்டோனும்தான் இருக்கும். ஒரு ஸ்டோன் 6.35 கிலோ. 160 சென்டிமீட்டர் என்றால் 5 அடி 3 அங்குலம், 64 கிலோ என்றால் ஏறக்குறைய 10 ஸ்டோன். கடையில் நின்று மனக்கணக்குப் போடும்போதுதான் எல்லோரும் பொறுமை இழந்து "மீடியம் போதும்" என்று எடுத்துவிடுகிறார்கள்.

அப்புறம் கால். பித்தவெடிப்பு இருந்தால் எவ்வளவு விலை கொடுத்து வாங்கினாலும் மெல்லிய டைட்ஸ் முதல் தடவை போடும்போதே குதிகாலில் மாட்டும். நகம் கூராக இருந்தாலும் அப்படித்தான். வாங்குவதற்கு ஒரு வாரம் முன்பிருந்து இரவில் குதிகாலுக்குக் களிம்போ தேங்காய் எண்ணெயோ தடவி சாக்ஸ் போட்டுத் தூங்குங்கள். நகத்தை வெட்டியதோடு விடாமல் அரத்தால் ஓரத்தையும் மழுக்குங்கள்.

மெட்டி, கொலுசு பற்றிக் கீழே தனியாகச் சொல்கிறேன். நம்மவர்களுக்கு மட்டும் வருகிற சிக்கல் அது, கடைக்காரர்கள் யாரும் உங்களுக்குச் சொல்லமாட்டார்கள்.

2. எங்கே, எந்தச் செருப்போடு என்பதை முடிவு செய்யுங்கள்

இதை முதலில் முடிவு செய்யச் சொல்வதற்குக் காரணம் உண்டு. விரல்நுனியின் தையல், தடிமன், நிறம் மூன்றையும் செருப்புதான் தீர்மானிக்கிறது. முன்பக்கம் திறந்த செருப்பு என்றால் விரல்நுனியில் தடித்த பட்டை இல்லாத வகை வேண்டும். பூட்ஸ் என்றால் அந்தப் பட்டை இருப்பதுதான் நல்லது, அது இல்லாவிட்டால் பெருவிரல் துளைத்துக்கொண்டு வெளியே வரும்.

வேலை இடம் என்றால் உடை விதியை எழுத்தில் கேட்டு வாங்குங்கள். முன்பு லண்டன் அலுவலகங்களில் பாவாடை என்றால் தோல்நிற மெல்லிய காலுறை எழுதப்படாத சட்டம் மாதிரி இருந்தது. இப்போது அப்படி இல்லை. 2016-இல் நிக்கோலா தோர்ப் என்ற பெண், குதிகால் உயர்ந்த செருப்பு போடாததால் வரவேற்பாளர் வேலையிலிருந்து முதல் நாளே வீட்டுக்கு அனுப்பப்பட்டதைச் சொல்லி ஒரு மனு தொடங்கினார். ஒன்றரை லட்சம் பேருக்கு மேல் கையெழுத்துப் போட்டார்கள், நாடாளுமன்றக் குழுக்கள் விசாரித்து 2017-இல் அறிக்கை கொடுத்தன. பேச்சு செருப்பில் தொடங்கினாலும், பெண்ணுக்கு மட்டும் என்று போடுகிற எல்லா உடை விதிகளையும் நிறுவனங்கள் ஒருமுறை திரும்பிப் பார்க்க வேண்டியதாயிற்று.

நடைமுறையில் இன்று எப்படி என்றால், கோடையில் வெறும் காலோடு போவதைப் பெரும்பாலான அலுவலகங்களில் யாரும் கவனிப்பதில்லை. குளிர்காலத்தில் கறுப்பு, உள்ளே தெரியாத டைட்ஸ் எங்கேயும் செல்லும். விமானப் பணிப்பெண், ஹோட்டல் வரவேற்பு போன்ற சீருடை வேலைகளில் மட்டும் நிறமும் தடிமனும் இன்னும் எழுதியே தருவார்கள், அதை மீறி வாங்கிவிட்டு வருந்தவேண்டாம்.

நேர்முகத் தேர்வுக்கு என் யோசனை, அக்டோபர் முதல் மார்ச் வரை 40 முதல் 60 டெனியர் கறுப்பு (டெனியர் என்பது நூலின் கனத்தைச் சொல்லும் எண், கீழே விளக்குகிறேன்). மெல்லியதைப் போட்டுக்கொண்டு போய், ரயிலில் யாரோ பை உரசி இழை அறுந்து கோடாக ஓடி, அதையே நினைத்துக்கொண்டு பதில் சொல்வதைவிட இது எவ்வளவோ மேல்.

ஃபேஷனுக்காக வாங்குகிறீர்கள் என்றால் கணக்கே வேறு. வெறும் கால்தான் நாகரிகம் என்று நீண்ட காலம் ஒதுக்கி வைத்திருந்ததை ஃபேஷன் மேடைகள் மறுபடி எடுத்துவிட்டன. இத்தாலிய ஃபேஷன் நிறுவனமான மியு மியுவின் 2023 குளிர்காலத் தொகுப்பில் டைட்ஸின் இடுப்புப் பட்டியைச் சட்டைக்கு மேலேயே தெரியும்படி இழுத்துவிட்டு நடக்கவிட்டார்கள். அதற்குப் பிறகு சிவப்பு, பர்கண்டி, வெள்ளை எல்லாம் தெருவுக்கும் வந்துவிட்டன. உடை முழுக்க அடங்கிய நிறமாக இருக்கும்போது பர்கண்டி டைட்ஸ் ஒன்று மட்டும் தெரிந்தால் நன்றாகவே இருக்கிறது. வெள்ளை வேண்டாம் என்பது என் சொந்தக் கருத்து, மழைச் சேறு தெறித்தால் வீடு வரும்வரை அதைத்தான் எல்லோரும் பார்ப்பார்கள்.

3. அளவு: இங்கேதான் நிதானம் வேண்டும்

அட்டையின் பின்பக்கம் ஒரு கட்டம் இருக்கும். ஒரு பக்கம் உயரம், மறுபக்கம் எடை அல்லது இடுப்பளவு. இரண்டும் சந்திக்கிற இடத்தின் நிறமோ எழுத்தோதான் உங்கள் அளவு. கோட்டின் மேலேயே நிற்கிறீர்கள் என்றால் பெரியதை எடுங்கள், இதில் யோசிக்கவே வேண்டாம்.

உங்கள் ஃப்ராக் அளவை வைத்து ஊகிக்காதீர்கள். ஃப்ராக்குக்கு உயரம் ஒரு பொருட்டில்லை, டைட்ஸுக்கு உயரம்தான் முதல் பொருட்டு. இடுப்பு பெருத்துக் கால் குட்டையாக இருப்பவர்கள், ஒல்லியாகக் கால் நீண்டிருப்பவர்கள் இரண்டு பேரும் ஒரே ஃப்ராக் அளவில் இருக்கலாம். ஒரே டைட்ஸ் இருவருக்கும் பொருந்தாது.

பலரும் தலைகீழாகப் புரிந்துகொள்கிற ஒன்று இருக்கிறது. நடக்க நடக்க டைட்ஸ் கீழே இறங்கி, தொடை இடுக்கில் வரவேண்டிய தையல் பாதித் தொடையில் நிற்கிறது. உடனே "பெரிசா இருக்கு, தொளதொளன்னு இறங்குது" என்று அடுத்த தடவை ஒரு அளவு சின்னதாக வாங்குகிறார்கள். உண்மையில் அது நீளம் போதாமல்தான் இறங்குகிறது. காலுக்குத் தேவையான துணி இல்லாததால் இடுப்பிலிருந்து இழுத்துக்கொள்கிறது. சின்னதாக வாங்கினால் இன்னும் மோசமாகும், இழை இழுபட்டு நிற்பதால் ஒரு சின்ன உரசலுக்கே ஓடிவிடும்.

அப்படியானால் பெரிதாக இருப்பதற்கு அடையாளம் என்ன? கணுக்காலிலும் முழங்கால் பின்புறத்திலும் மடிப்பு மடிப்பாகச் சுருங்கி நிற்கும். இடுப்புப் பட்டி சுருண்டுகொண்டே வந்தால் அதுவும் சின்னது என்றுதான் அர்த்தம், அல்லது பட்டி ரொம்ப ஒல்லியான மலிவு வகை.

ஒரு கம்பெனியின் மீடியம் இன்னொன்றின் மீடியம் ஆகாது. இத்தாலியத் தயாரிப்புகளில் 2, 3, 4 என்று எண் போட்டிருப்பார்கள், ஜெர்மன் தயாரிப்புகளில் 38-40, 42-44 என்று வரும். எண்ணைப் பார்த்து ஒப்பிடாமல் ஒவ்வொரு முறையும் கட்டத்தையே பாருங்கள். சாதாரணக் கட்டத்துக்குள் அடங்காத உடல்வாகு என்றால், ஸ்காட்லாந்தின் ஸ்னாக் போல உயரம் குறைந்து உடல் பெருத்தவர்கள், மிக நெட்டையானவர்கள் எல்லோருக்கும் தனித்தனி அளவு வைத்து இணையத்தில் விற்கிறவர்கள் இருக்கிறார்கள். இருக்கிறதிலேயே பெரியதை வாங்கி இழுத்து மாட்டவேண்டிய தேவை இப்போது இல்லை.

பிரித்த பாக்கெட்டைப் பல கடைகள் திரும்ப எடுப்பதில்லை. ஆகவே புதிய கம்பெனி என்றால் மூன்று ஜோடி சேர்ந்த பாக்கெட் மலிவாக இருந்தாலும் முதலில் ஒற்றை ஜோடி வாங்கி ஒருநாள் முழுக்கப் போட்டுப் பாருங்கள்.

4. வகை

இடுப்பு வரை வருவது டைட்ஸ். தொடையோடு நிற்பதில் இரண்டு உண்டு, ஒன்று பெல்ட்டில் கொக்கி மாட்டித் தொங்கவிடுகிற ஸ்டாக்கிங்ஸ், இன்னொன்று உள்ளே சிலிக்கான் பட்டை ஒட்டிப் பிடிக்கிற ஹோல்ட்-அப். முழங்கால் வரை வருவது பேன்ட்டுக்குள் போட. பாதம் இல்லாதது கணுக்காலோடு நிற்கும்.

முதல்முறை வாங்குகிறவர்கள் டைட்ஸோடு நிறுத்திக்கொள்ளுங்கள். ஹோல்ட்-அப் பார்க்கச் சுலபமாகத் தெரியும், ஆனால் அதைத் தொடைச் சுற்றளவு வைத்துத் தேர்ந்தெடுக்க வேண்டும். அன்று காலை தொடையில் லோஷன் தடவியிருந்தால் பிடிக்காது, நடு ரோட்டில் சுருண்டு கணுக்காலுக்கு வந்துவிடும். சிலருக்கு அந்தப் பட்டை படுகிற இடம் சிவந்து அரிக்கும்.

வயிற்றை இறுக்கிப் பிடிக்கிற வகையும் உண்டு. ஒரு மாலை விருந்துக்குச் சரி. எட்டு மணிநேரம் நாற்காலியில் உட்கார்ந்து வேலை பார்க்க வேண்டும் என்றால் மதியச் சாப்பாட்டுக்கு அப்புறம் உங்களுக்கே தெரியும்.

5. டெனியர்

9,000 மீட்டர் நூலை எடை போட்டால் எத்தனை கிராமோ அத்தனை டெனியர். 15 டெனியர் நூல் அவ்வளவு நீளத்துக்கு வெறும் 15 கிராம்தான். இதிலிருந்து ஒன்று புரியும், இந்த எண் நூலின் கனத்தைத்தான் சொல்கிறது. எவ்வளவு நெருக்கமாகப் பின்னியிருக்கிறார்கள், என்ன நூல் என்பதை அது சொல்வதில்லை. இரண்டு கம்பெனிகளின் 40 டெனியர் இரண்டு விதமாகத் தெரிவது அதனால்தான்.

தோராயமாக இப்படி வைத்துக்கொள்ளுங்கள். 10-க்குக் கீழே கோடைக்கும் விருந்துக்கும், போட்டதே தெரியாது, ஒரு நாள் தாங்கினால் அதிர்ஷ்டம். 15-20 அலுவலகத்துக்கும் திருமண வரவேற்புக்கும். 30-50 பாதி தெரிந்தும் தெரியாமலும் இருக்கும், அக்டோபர், ஏப்ரல் மாதங்களுக்கு ஏற்றது. 60-80 உள்ளே தெரியாது. 100-க்கு மேல் நல்ல குளிருக்கு.

தடிமன் கூடினால் கதகதப்பும் அதே அளவுக்குக் கூடும் என்று நினைப்பதுதான் இங்கே நடக்கும் தவறு. வெறும் நைலான் 100 டெனியரைவிட மெரினோ கம்பளி கலந்தது குளிருக்கு நன்றாகவே தாங்கும். வெளியே பஸ்ஸுக்கு நிற்கிற நேரம் அதிகம் என்றால் கம்பளிக் கலவைக்கே காசு கொடுங்கள். நாள் முழுக்க ஹீட்டர் போட்ட கட்டடத்துக்குள் என்றால் 60 டெனியர் நைலான் போதும், அதற்கு மேல் போனால் வியர்க்கும்.

உள்ளே பஞ்சுபோல் ஃப்ளீஸ் வைத்து, வெளியே மெல்லிய கறுப்பு போட்டது மாதிரித் தெரிகிற ஒன்று இணையத்தில் பிரபலம். கதகதப்பு உண்மைதான். ஆனால் அந்த ஏமாற்று வேலை செய்வது உள்துணியின் நிறத்தால். பெரும்பாலும் அது வெளிர் ரோஜா கலந்த நிறத்தில் வருகிறது, நம் காலில் போட்டால் கை ஒரு நிறம் கால் ஒரு நிறம் என்று தனியாகத் தெரியும். பழுப்பு உள்துணி என்று குறிப்பாகத் தேடி வாங்குங்கள், கிடைக்கிறது.

6. நிறம்

பிரிட்டனில் "நியூட்", "நேச்சுரல்" என்று எழுதியதை நம் நிறத்துக்குப் போட்டால் காலில் சாம்பல் பூசின மாதிரி இருக்கும். "அமெரிக்கன் டேன்" என்ற பழைய நிறம் ஆரஞ்சு அடிக்கும். பல காலமாக அலமாரியில் இவை மட்டுமே இருந்ததால்தான் நம் அக்காமார் பலர் "நமக்கு இதெல்லாம் சரிவராது" என்று பேன்ட்டுக்கு மாறிவிட்டார்கள்.

நிலைமை மாறியிருக்கிறது. 2014-இல் லண்டனில் அடே ஹாசன் என்பவர் நூபியன் ஸ்கின் என்று தொடங்கி, பழுப்பு, கறுப்புத் தோல்களுக்கான உள்ளாடையையும் காலுறையையும் பல நிறங்களில் கொண்டுவந்தார். பெரிய கடைகளும் பிறகு நிறங்களைக் கூட்டின. ஆனாலும் சின்னக் கிளைகளில் அடர் நிறங்கள் குறைவாகத்தான் வைத்திருப்பார்கள், இணையத்தில் பார்த்துவிட்டுப் போவது நல்லது.

தோல்நிறம் தேர்ந்தெடுக்கும்போது பாக்கெட்டுக்குள் இருக்கிற நிறத்தை நம்பாதீர்கள். மடித்து வைத்தது அடர்த்தியாகத் தெரியும், இழுத்து மாட்டினால் இரண்டு படி வெளுக்கும். கடையில் மாதிரி தொங்கினால் அதற்குள் கையை விட்டு விரித்து, ஜன்னல் அருகே கொண்டுபோய்ப் பாருங்கள். கடை விளக்கில் எல்லாமே பொருத்தமாகத்தான் தெரியும். கையில் பார்க்கும்போதும் ஒரு விஷயம், வெயில் படுகிற புறங்கையும் எப்போதும் மூடியிருக்கிற காலும் ஒரே நிறமாக இருக்காது. முழங்கைக்குக் கீழே உட்புறத்தோடு ஒப்பிட்டு, அப்புறம் காலையும் ஒரு பார்வை பார்த்துக்கொள்ளுங்கள்.

இரண்டு நிறத்துக்கு நடுவே தடுமாறினால் அடர்த்தியானதை எடுங்கள். அடர்ந்தது நிழல் மாதிரி ஒதுங்கிவிடும். வெளிறினது மாவு பூசினது மாதிரி எட்ட நின்றாலும் தெரியும். எதுவுமே பொருந்தவில்லை என்றால் 10-15 டெனியர் மெல்லிய கறுப்பு எடுத்துக்கொள்ளுங்கள், மாநிறத்துக்கும் கருநிறத்துக்கும் அது தோல்நிறத்தைவிடவே அழகாக உட்காரும்.

பளபளப்பு இல்லாத மேட் வகை பகலுக்கு. மின்னுகிறது முழங்காலையும் ஆடுசதையையும் பெரிதாகக் காட்டும். கறுப்பும் நேவி நீலமும் பாக்கெட்டில் ஒன்றுபோலவே இருக்கும், பெயரைப் படித்து எடுங்கள்.

7. அட்டையில் இன்னும் மூன்று வரி

எலாஸ்டேன் அல்லது லைக்ரா, அதாவது ரப்பர்போல இழுபட்டுத் திரும்புகிற நூல், எத்தனை சதவீதம் என்று பாருங்கள். பத்துக்கும் இருபதுக்கும் நடுவே இருந்தால் முழங்கால் மடக்கி நிமிர்ந்த பிறகும் தொங்காமல் திரும்பிவரும். "3டி" என்று போட்டிருந்தால் ஒவ்வொரு வரிசைப் பின்னலிலும் அந்த இழுவை நூல் ஓடுகிறது என்று பொருள். அது இல்லாத மலிவு வகையில் ஒன்றுவிட்டு ஒரு வரிசைதான், காலில் மெல்லிய வளையம் வளையமாகக் கோடு தெரியும்.

கஸெட் இருக்கிறதா என்பது அடுத்தது. தொடை இடுக்கில் வைத்துத் தைத்த சிறு துண்டு அது. பருத்தியாக இருந்தால் இன்னும் நல்லது, அது இல்லாத டைட்ஸ் நடக்கும்போது அறுக்கும், வியர்வைக்கும் ஆகாது.

இழை ஓடாது என்று எழுதியிருப்பவை இரண்டு ரகம். வலைபோல முடிச்சிட்ட பின்னல் ஒன்று, அதில் ஓட்டை விழலாம், ஆனால் கணுக்கால் வரை ஓடாது. இன்னொன்று நூலே வேறு, கனடாவின் ஷீர்டெக்ஸ் குண்டு துளைக்காத கவசங்களில் பயன்படுகிற வகைப் பாலிஎத்திலீன் இழையில் பின்னுகிறது. உறுதி நிஜம்தான், ஆனால் நைலான்போல இழுபடாது, ஆகவே அளவு தப்பினால் அதில் மன்னிப்பே கிடையாது.

8. புடவைக்குள் போட

டிசம்பரிலும் ஜனவரியிலும் கல்யாண வீடு, கோயில் என்று பட்டுப்புடவை கட்ட வேண்டிவரும், மண்டபத்துக்குள் வெதுவெதுப்பு, கார் நிறுத்துமிடத்தில் உறைபனி. இதற்குப் பாதம் இல்லாத டைட்ஸ், 80 டெனியருக்கு மேல், அல்லது மெல்லிய மெரினோ லெக்கிங்ஸ். ஈஸ்ட் ஹாமோ ஹைகேட்டோ, முருகன் கோயிலுக்குப் போனால் செருப்பைக் கழற்றத்தான் வேண்டும். முழுப் பாதம் மூடிய நைலானோடு வழவழப்பான தரையில் நடந்தால் வழுக்கும். பாதம் இல்லாதது என்றால் மேலே ஒரு சாக்ஸ் போட்டு, உள்ளே போகும்போது அதைமட்டும் கழற்றிக்கொள்ளலாம்.

வயிற்றை இறுக்குகிற வகையைப் புடவைக்குள் போடவே போடாதீர்கள். அதன்மேல் பாவாடை நாடாவும் இறுகும்போது மூச்சு விடவே சிரமம். பட்டி அகலமான சாதாரண வகையைத் தொப்புளுக்கு மேலே ஏற்றிவிட்டு, நாடாவைப் பட்டியின் கீழ் ஓரத்தில் கட்டினால் இரண்டும் ஒன்றையொன்று பிடித்துக்கொள்ளும்.

நைலான் டைட்ஸும் பாலியெஸ்டர் பாவாடையும் உரசினால் நிலைமின்சாரம் ஏறி, கொசுவம் காலோடு ஒட்டிக்கொள்ளும். பருத்திப் பாவாடை கட்டுங்கள். மறந்துவிட்டீர்கள் என்றால் கழிவறைக்குப் போய்க் கையை லேசாக ஈரம் பண்ணி டைட்ஸின் மேல் தடவினால் கொஞ்ச நேரம் தாங்கும்.

மெட்டிக்கு வருவோம். வாய் திறந்த மெட்டியின் இரண்டு முனையும்தான் இழையைப் பிடித்து இழுக்கின்றன. கழற்ற மனமில்லை என்றால் முனைகள் மேல்பக்கம் வராமல் திருப்பி, மருந்துக்கடையில் கிடைக்கிற காகித டேப்பை அதன்மேல் ஒரு சுற்றுச் சுற்றுங்கள். நாள் முழுக்க பூட்ஸோடு நடக்க வேண்டும் என்றால் அதுவும் வேண்டாம், பாதமில்லாத டைட்ஸும் அகலமான பருத்தி சாக்ஸும் போதும், விரல் அழுந்தாது. கொலுசைக் கழற்றித்தான் ஆகவேண்டும், சலங்கை வைத்தது என்றால் கேட்கவே வேண்டாம்.

9. போடும் முறை

குளித்து உடம்பு நன்றாகக் காய்ந்த பிறகு, உட்கார்ந்து போடுங்கள். நின்றுகொண்டு ஒரு காலில் தள்ளாடி இழுக்கும்போதுதான் பாதிப் பேர் கிழிக்கிறார்கள். மோதிரம், கைக்கடிகாரம் கழற்றி வையுங்கள், வளையல் உட்பட.

ஒரு காலின் துணி முழுவதையும் இரண்டு கட்டைவிரலால் விரல்நுனி வரை சுருட்டிக்கொண்டு, பாதத்தை நுழைத்து, குதிகாலைச் சரியாக உட்காரவைத்து, முழங்கால் வரை ஏற்றுங்கள். அங்கேயே நிறுத்திவிட்டு மற்றக் காலுக்குப் போங்கள். இரண்டும் முழங்காலுக்கு வந்த பிறகுதான் எழுந்து நின்று தொடைக்கு ஏற்ற வேண்டும். ஒரு காலை முழுசாக இழுத்துவிட்டு அடுத்ததைத் தொடங்கினால் இடுப்பு கோணிக்கொண்டு நிற்கும், அந்தக் கோணலைச் சரிசெய்ய இழுக்கும்போது நகம் துளைக்கும்.

இழுப்பது நகத்தால் அல்ல, விரலின் சதைப்பகுதியால். இடுப்புப் பட்டியைப் பிடித்து மேலே தூக்காமல், துணியைக் கணுக்காலிலிருந்து கொஞ்சம் கொஞ்சமாகத் தடவி ஏற்றுங்கள். அப்படிச் செய்தால் நீளம் சமமாகப் பரவும், தொடையில் போதாமல் போகாது. எல்லாம் செய்தும் இறங்குகிறதா? டைட்ஸுக்கு மேலே இன்னொரு உள்ளாடை போட்டுப் பாருங்கள். கேட்கச் சிரிப்பாக இருக்கும், இங்கே நிறையப் பேர் அதைத்தான் செய்கிறார்கள்.

10. இழை ஓடிவிட்டால்

பின்னல் வளையங்கள் ஒன்றையொன்று பிடித்துக்கொண்டு நிற்கின்றன, ஒன்று அறுந்தால் மேலும் கீழும் வரிசையாக அவிழும். ஆகவே ஓட்டத்தின் இரண்டு முனையிலும் நிறமில்லாத நகப்பூச்சு ஒரு சொட்டு வையுங்கள். நடுவில் பூசிப் பயனில்லை. தோலோடு ஒட்டாமல் இருக்க உள்ளே ஒரு துண்டுக் காகிதத்தை நுழைத்து, காய்ந்த பிறகு எடுங்கள். நகப்பூச்சு இல்லையென்றால் ஈரமான சோப்பு கொஞ்ச நேரம் தாங்கும்.

புது டைட்ஸை ஃப்ரீசரில் வைத்தால் உறுதியாகும் என்று ஒரு பேச்சு உண்டு. வெளியே எடுத்துக் காலில் போட்டதும் பழைய சூட்டுக்கும் பழைய ஈரத்துக்கும் திரும்பிவிடுகிற நூலுக்கு அதனால் என்ன ஆகப்போகிறது என்று எனக்குப் புரியவில்லை. கைப்பையில் இன்னொரு ஜோடி வைத்துக்கொள்வது அதைவிட நிச்சயமான வழி.

11. கால் வீக்கத்துக்கு வாங்குகிறீர்கள் என்றால்

நர்ஸ் வேலை, நீண்ட விமானப் பயணம், நரம்புச் சுருட்டல் இவற்றுக்கு அழுத்தம் தருகிற காலுறை கேட்பார்கள். இதை டெனியர் பார்த்து வாங்கக் கூடாது. "சப்போர்ட்" என்று மட்டும் எழுதி 70 டெனியர் போட்டிருப்பது அளந்த அழுத்தம் அல்ல. உண்மையான அழுத்தக் காலுறையில் மி.மீ. பாதரசக் கணக்கு இருக்கும். பிரிட்டன் முறையில் முதல் வகுப்பு 14-17, இரண்டாம் வகுப்பு 18-24, மூன்றாம் வகுப்பு 25-35. ஜெர்மன் முறையில் முதல் வகுப்பே 18-21, ஆகவே வகுப்பின் பெயரை வைத்து ஒரு நாட்டுடையதை இன்னொரு நாட்டில் கேட்டு வாங்கினால் தப்பாகும்.

கணுக்காலின் மெல்லிய இடத்தையும் ஆடுசதையின் பருத்த இடத்தையும் காலையில் எழுந்தவுடன், வீக்கம் ஏறும் முன் அளக்க வேண்டும். நீரிழிவு, காலில் ரத்த ஓட்டக் குறைவு, ஆறாத புண் இவற்றில் எது இருந்தாலும் மருத்துவரைக் கேட்காமல் போடாதீர்கள், ரத்தம் குறைவாகப் போகிற காலை இறுக்கினால் ஆபத்து. ஒரு கால் மட்டும் திடீரென்று வீங்கி வலித்தால் கடைக்கு வராமல் நேராக மருத்துவமனைக்குப் போங்கள்.

12. துவைப்பதும் வைப்பதும்

மெல்லியதைக் கையால், வெதுவெதுப்பான நீரில். தடித்ததை வலைப்பையில் போட்டு மெஷினில் 30 டிகிரியில். வலைப்பை இல்லாமல் போட்டால் பிராவின் கொக்கியும் ஜீன்ஸின் ஜிப்பும் தங்கள் வேலையைக் காட்டும். துணி மென்மையாக்கும் திரவத்தை ஊற்றாதீர்கள், அது நூலின் மேல் படலமாகப் படிந்து இழுவையைக் கெடுக்கும். டிரையரின் சூடு எலாஸ்டேனை வெகு சீக்கிரம் தளர்த்திவிடும். ரேடியேட்டர் மேல் நேரடியாகப் போடுவதும் அதே கதைதான். நைலான் தண்ணீரை அதிகம் உறிஞ்சாது, துண்டில் சுருட்டி அழுத்திவிட்டுத் தொங்கவிட்டால் காலைக்குள் காய்ந்துவிடும். கம்பளிக் கலவையை மட்டும் தொங்கவிடாமல் தட்டையாகப் பரப்புங்கள்.

வைக்கும்போது இரண்டு டைட்ஸைச் சேர்த்து முடிச்சுப் போடாதீர்கள், தனித்தனியாகச் சுருட்டுங்கள். கறுப்பும் நேவியும் துவைத்த பிறகு பிரித்தறியவே முடியாது, வாங்கியவுடனேயே நேவியின் இடுப்புப் பட்டியின் உட்புறம் வெள்ளை நூலில் ஒரு தையல் போட்டு வையுங்கள். பின்பக்கம் எது என்று கேட்கிறவர்களும் உண்டு, அந்தத் தையலைப் பின்பக்கமே போட்டுவிட்டால் அதற்கும் சேர்த்து விடை கிடைத்துவிடும்.